தேயிலைக்கு இசையமைத்த வோல்ட்டர் லீ

மலையகத்தையும் சினிமா இசையையும் சேர்த்துப் பேசும்போதெல்லாம் என் நினைவுக்கு முதலில் வரும் பெயரை எமது வாசகர்களில் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். வோல்ட்டர் லீ என்ற ஆங்கிலேய இசையமைப்பாளரின் பெயர் அது. 1934ஆம் ஆண்டு இலங்கைத் தேயிலையின் பணத்தில் உருவான ‘சோங் ஒஃப் சிலோன்’ என்ற ஆவணப்படத்துக்கு இசையும் ஒலியும் அமைத்தவர் அவர். முப்பத்தேழாவது பிறந்த தினத்துக்குச் சில நாட்கள் இருக்கையில் லிபியப் பாலைவனத்தில் போரில் மாண்டு போனார். அவரைப் பற்றி எழுத வேண்டும் என்ற எண்ணம் எனக்கு நெடுங்காலமாக உண்டு. அதற்குக் காரணம் என் பாட்டி.

எழுபதுகளின் பிற்பகுதியில், கொழும்பில் ஒரு பத்திரிகை அலுவலகத்தில் இளம் உதவி ஆசிரியராக இருந்த காலத்தில்தான் இப்படத்தை முதன்முதலாகப் பார்த்தேன். ஒரு சிறிய மண்டபம். சுழலும் ஓசை காதில் விழும் பழைய புரொஜெக்டர். முப்பது பேருக்கு மேற்படாத கூட்டம். இலங்கையைப் பற்றி எடுக்கப்பட்ட படங்களுள் தலைசிறந்தது என்று அறிமுகம் செய்தார்கள். படம் எடுக்கப்பட்ட ஆண்டைக் கேட்டதும் நான் மனக்கணக்குப் போட்டேன். அப்போது என் பாட்டிக்கு இருபது வயது இருக்கும். நோர்வூட் பக்கத்துத் தோட்டமொன்றில் கூடை சுமந்து கொழுந்து பறித்துக்கொண்டிருந்திருப்பார். திரையில் தேயிலைக் காட்சி வந்தபோது, அந்தப் பெண்களின் முகங்களில் ஏதேனும் ஒன்று எனக்குத் தெரிந்த சாடையில் இருக்குமா என்று தேடினேன். யாரையும் அடையாளம் காண முடியவில்லை.

அடுத்த முறை தோட்டத்துக்குப் போனபோது லயத்து வாசலில் உட்கார்ந்திருந்த பாட்டியிடம் இதைச் சொன்னேன். அவர் வெற்றிலையை மடித்தபடியே கேட்டார்: “நம்ம ஆளுங்களப் படம் புடிச்சிருக்காங்களா? அதுல அவுங்க என்னாடா பேசுறாங்க?”

என்னிடம் பதில் இருக்கவில்லை.

இந்தப் படம் எப்படிப் பிறந்தது என்பதை முதலில் பார்க்க வேண்டும். 1929இல் தொடங்கிய உலகப் பொருளாதார மந்தத்தில் தேயிலை விலை பெரு வீழ்ச்சி கண்டது. உற்பத்தி செய்யும் நாடுகள் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்த 1933இல் சர்வதேச உடன்பாடு ஒன்றுக்கு வந்தன. விற்பனையைப் பெருக்குவதற்காக இலங்கையில் 1932இல் தேயிலைப் பிரசாரச் சபை அமைக்கப்பட்டது. ஏற்றுமதியாகும் தேயிலை மீது அறவிடப்பட்ட தீர்வையே அதன் நிதி. அதாவது, மலையில் பறிக்கப்பட்ட ஒவ்வொரு கூடைக் கொழுந்தும் அந்த நிதிக்கு ஒரு துளியை ஈந்தது. அந்தப் பணத்தின் ஒரு பகுதிதான் இப்படமாயிற்று.

இலண்டனில் ஆவணப்பட இயக்கத்தின் தந்தை எனப்படும் ஜோன் கிரியர்சன் தயாரிப்புப் பொறுப்பை ஏற்றார். அவரது குழு முதலில் பேரரசுச் சந்தைப்படுத்தல் சபையின் கீழ் இருந்தது. அச்சபை 1933இல் கலைக்கப்பட்டதும் பிரித்தானியத் தபால் திணைக்களத்தின் கீழ் வந்தது. இயக்குநராக 1934இன் தொடக்கத்தில் இலங்கை வந்தவர் இருபத்தாறு வயதான பசில் ரைட். தேயிலைச் சபை கேட்டது நான்கு சிறிய பயணப் படங்களை. ரைட் இந்த நாட்டின் அழகிலும் பௌத்த வாழ்விலும் மனம் பறிகொடுத்து, நான்கு பகுதிகளைக் கொண்ட சுமார் நாற்பது நிமிடப் படமொன்றோடு திரும்பினார். புத்தர், கன்னித் தீவு, வணிகத்தின் குரல்கள், தெய்வத்தின் ஆடை என்ற பொருள்படும் தலைப்புகள் அந்த நான்கு பகுதிகளுக்கும் இடப்பட்டன.

படப்பிடிப்பு இலங்கையில் நடந்தது. ஒலி பிறந்ததோ இலண்டனில். அங்குதான் வோல்ட்டர் லீ வருகிறார்.

லீ 1905 ஜூன் 22ஆம் திகதி இலண்டனின் விம்பிள்டனில் பிறந்தார். அவரது தாயார் ஜெர்மானியர். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றபின் 1927 முதல் 1929 வரை பெர்லினில் பவுல் ஹிண்டமித்திடம் இசை பயின்றார். இசை என்பது அறைக்குள் பூட்டிவைக்கும் பொருளன்று, பயன்பாட்டுக்குரியது என்று நம்பியவர் ஹிண்டமித். வானொலிக்கும் பாடசாலைக்கும் நாடக மேடைக்கும் திரைக்கும் எழுதுவதை அவர் இழிவாக நினைக்கவில்லை. அந்தப் பாடத்தை லீ முழுமையாக உள்வாங்கிக்கொண்டார். பல்கலைக்கழகப் பதவி எதையும் நாடாமல், கேட்டவர்க்குக் கேட்டதைச் செய்துகொடுக்கும் தச்சரைப் போல வாழ்ந்தார். 1933இல் ‘ஜொலி ரோஜர்’ என்ற அவரது மெல்லிசை நாடகம் இலண்டன் மேடையில் நல்ல வரவேற்பைப் பெற்றது. 1934இல் ஹார்ப்சிகோர்ட் வாத்தியத்துக்கும் தந்தி வாத்தியக் குழுவுக்குமாக அவர் எழுதிய சிறு கொன்சர்டினோ இன்றும் உலக மேடைகளில் இசைக்கப்படுகிறது. கேம்பிரிட்ஜ் மாணவர்கள் 1936இல் நடித்த கிரேக்க நாடகமான ‘தவளைகள்’ அவரது இசையோடுதான் மேடையேறியது.

‘சோங் ஒஃப் சிலோன்’ வெளிவந்தபோது பேசும்படத்துக்கு வயது ஏழுதான். அதற்குள்ளாகவே திரை ஒலி ஒரு சட்டத்துக்குள் அடைபட்டுவிட்டது: நடிகர் பேசுவார், பின்னால் வாத்தியக்குழு வாசிக்கும். தபால் திணைக்களப் படப்பிரிவிலிருந்த பிரேசில் நாட்டவரான கவல்கான்டியும் லீயும் இதை ஏற்கவில்லை. மனிதப் பேச்சு, இயந்திரச் சத்தம், மணியோசை, வாத்திய இசை எல்லாமே ஒரே இசைக்கோவையின் உறுப்புகள். எல்லாவற்றையும் ஓர் இசையமைப்பாளரே கோக்கலாம் என்பது அவர்களுடைய நோக்கு. அதே ஆண்டு வெளிவந்த ‘பெட் அன்ட் பொட்’ என்ற படத்தில் ஒலியை முதலில் பதிவு செய்து, பின்னர் அதற்குப் பொருந்தக் காட்சிகளை எடுத்துப் பரீட்சித்தார்கள். அந்தப் பயிற்சியின் கனிதான் இலங்கைப் படத்தின் ஒலி.

முதற்பகுதியில் யாத்திரிகர் சிவனொளிபாதமலை ஏறுகிறார்கள். எங்களுக்கு மிகவும் பழகிய பாதை அது. ஹட்டனில் ரயிலை விட்டிறங்கி, நோர்வூட், மஸ்கெலியா, நல்லதண்ணி என்று போகும் வழியெல்லாம் தேயிலைதான். படத்தில் மணி ஒலிக்கிறது. அந்த ஒலி அடங்குமுன் காட்சி மாறுகிறது. ஒரு பறவை நீர்மேல் பறந்து செல்ல, மணியின் நாதம் மலையையும் மரத்தையும் தாண்டி அதனோடு சேர்ந்து போகிறது. உலக சினிமா வரலாற்று நூல்கள் இந்தக் காட்சியை இன்றளவும் எடுத்துக் கூறுகின்றன.

மூன்றாவது பகுதியான ‘வணிகத்தின் குரல்கள்’ தான் எமது விடயம். திரையில் யானை மரத்தைச் சாய்க்கிறது. மனிதன் தென்னையில் ஏறுகிறான். பெண்கள் கொழுந்து பறிக்கிறார்கள். காதில் விழுவதோ முற்றிலும் வேறு. வியாபாரக் கடிதம் ஒன்றை யாரோ சொல்லச் சொல்ல யாரோ எழுதுகிறார்கள். கப்பல்களின் பயண விபரம் வாசிக்கப்படுகிறது. தந்தியின் கட்டுக்கட ஒலி கேட்கிறது. சந்தை நிலவரம் அறிவிக்கப்படுகிறது. ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி வரும் இக்குரல்களை லீ, ஒரு வாத்தியக்குழுவை நடத்துவது போல நடத்துகிறார். பறிப்பவளின் கை ஓர் உலகில் இயங்குகிறது. அவள் பறித்ததை விலை பேசும் குரல் இன்னோர் உலகிலிருந்து வருகிறது.

1935இல் பிரசல்ஸ் திரைப்பட விழாவில் இப்படம் முதற்பரிசு பெற்றது. அப்போது திரை விமர்சகராக இருந்த எழுத்தாளர் கிரஹாம் கிரீன் இதனைப் பெரிதும் பாராட்டினார்.

இனி, பாட்டியின் கேள்விக்கு வருகிறேன். நம்மவர்கள் இப்படத்தில் என்ன பேசுகிறார்கள்?

படத்தின் வர்ணனையை வாசித்தவர் லயனல் வென்ட். கொழும்பில் பிறந்த பறங்கியர், பியானோக் கலைஞர், இந்நாடு கண்ட மிகச் சிறந்த புகைப்படக் கலைஞர். அவர் வாசித்த வாசகங்கள் ரொபர்ட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுக்கப்பட்டவை. 1660 முதல் பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் கண்டி இராச்சியத்தில் சிறைக்கைதியாக வாழ்ந்து தப்பிச் சென்ற ஆங்கிலேய மாலுமி நொக்ஸ். அழகான பழைய ஆங்கிலம். வென்டின் குரலும் கம்பீரமானது. ஆனால் வாசகர்கள் ஒரு கணக்கைப் போட்டுப் பார்க்க வேண்டும். தென்னிந்தியாவிலிருந்து எமது முன்னோர் பெருந்தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்டது பத்தொன்பதாம் நூற்றாண்டில். ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தேயிலை பயிரிட்டது 1867இல். நொக்ஸ் எழுதிய காலத்தில் தேயிலையும் இங்கே இல்லை, அதைப் பறிக்கும் மக்களும் இல்லை. ஆகவே அந்த வர்ணனையில் எமக்கு ஒரு சொல்கூட இருக்க வழியில்லை. தேயிலையின் பணத்தில் எடுத்த படம், தேயிலை வருவதற்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்கு முந்திய சொற்களால் பேசுகிறது!

இது சதியன்று. ரைட் தேடியது பழமை மாறாத ஓர் இலங்கையை. லயங்களிலும் ஸ்டோர்களிலும் அது கிடைக்காது. அவர் கமரா கிராமத்தின் பக்கம் திரும்பியதில் வியப்பில்லை.

ஆனால் அதே 1930களில் மலையகம் ஊமையாக இருக்கவில்லை. விடியுமுன் பிரட்டுக்கு ஆட்களை எழுப்பியது தப்பொலி. சிவனொளிபாதமலையில் யாத்திரைப் பருவம் நடக்கும் அதே மாதங்களில், மாசியில், தோட்டத்துக்குத் தோட்டம் காமன் கூத்து ஆடப்பட்டது. தாலாட்டும் ஒப்பாரியும், மலையேறும்போது பாடும் பாட்டும், கங்காணியைக் கேலி செய்யும் பாட்டும் எங்கும் இருந்தன. புண்டலுஓயாவின் மடகும்புரத் தோட்டத்தில் பிறந்த சி. வி. வேலுப்பிள்ளை பிற்காலத்தில் அவற்றில் பலவற்றைத் தேடித் தொகுத்ததனால்தான் இன்று நமக்கு அவை எழுத்தில் கிடைக்கின்றன.

ஹட்டனில் அரசியலும் பாட்டாகவே ஒலித்தது. தஞ்சாவூரிலிருந்து வந்து, ‘தேசநேசன்’, ‘தேசபக்தன்’ ஆகிய பத்திரிகைகளை நடத்திய கோ. நடேசய்யர், 1931இல் ஹட்டனைத் தளமாகக் கொண்டு தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை ஆரம்பித்தார். எழுத்து வாசனை இல்லாத மக்களிடம் பத்திரிகையால் மட்டும் போய்ச் சேர முடியாது என்பதை அறிந்த பத்திரிகையாளர் அவர். அவரது துணைவியார் மீனாட்சி அம்மை கூட்டங்களில் பாடுவார். தோட்ட மக்களின் வாழ்க்கை நிலையைச் சொல்லும் அவரது பாடல்கள் 1940இல் நூலாகவும் வந்தன. அவர்கள் பாடியதன் பொருள் கூலியும் மானமும். 1929இல் மலைநாட்டுத் தோட்டங்களுக்குச் சட்டப்படி விதிக்கப்பட்ட நாட்சம்பளம் ஆணுக்கு 54 சதம், பெண்ணுக்கு 43 சதம், பிள்ளைக்கு 32 சதம். தேயிலை விலை விழுந்ததும் அந்தச் சதங்களிலும் வெட்டு விழுந்தது.

இந்த இடத்தில்தான் லீ பற்றிய என் எண்ணம் மாறியது. முதற்தடவை பார்த்தபோது எனக்குக் கோபம் வந்தது உண்மை. தேயிலைக் காட்சிக்கு ஏன் இந்தச் சந்தைக் கூச்சல், எங்கள் பெண்களின் பாட்டு ஒன்றைப் போட்டிருக்கக் கூடாதா என்று நினைத்தேன். பல ஆண்டுகளின் பின், கணினித் திரையில் படத்தை ஆறுதலாக மீண்டும் மீண்டும் பார்த்தபோது வேறொன்று தெரிந்தது. பாட்டியின் நாட்சம்பளத்தைத் தீர்மானித்தது அந்தக் குரல்கள்தாம். இலண்டனின் மின்சிங் லேனில் ஏலத்தில் விலை இறங்கினால் நோர்வூட்டில் உலை கொதிப்பது குறையும். இதை அந்தப் படத்தின் வேறெந்தப் பகுதியும் சொல்லவில்லை. கொழுந்து பறிக்கும் கையின் மேல் விலைப்பட்டியலை ஏற்றிவைத்த லீயின் ஒலிக்கோவை மாத்திரமே சொல்கிறது. தேயிலைப் பிரசாரத்துக்காகத் தேயிலைச் சபை கொடுத்த பணத்திலேயே அதைச் சொல்லிவிட்டார் என்பதை எண்ணும்போது இன்று எனக்கு அந்த மனிதர் மீது மதிப்பு உண்டாகிறது. அவர் மலையகத்துக்காக வாதாட நினைத்தார் என்று நான் கூற வரவில்லை. நேர்மையான காது ஒன்று அவருக்கு இருந்தது. அது கேட்டதை எழுதியது.

லீ தொடர்ந்து ‘டோன் ஒஃப் ஈரான்’, ‘த பேஸ் ஒஃப் ஸ்கொட்லாண்ட்’, போர்க்காலத்தில் ‘ஸ்குவாட்ரன் 992’ ஆகிய ஆவணப்படங்களுக்கு இசையமைத்தார். பின்னர் கவசப் படைப்பிரிவில் சாதாரண வீரராகச் சேர்ந்தார். 1942 ஜூன் 12ஆம் திகதி லிபியாவின் டோப்ருக் அருகே போரில் உயிரிழந்தார். திரை ஒலியின் இலக்கணத்தையே மாற்றக்கூடியவராக இருந்த ஒருவரின் பணி, எட்டு ஆண்டுகளோடு முடிந்தது.

லீ பணியாற்றிய அதே தபால் திணைக்களப் படப்பிரிவுக்கு 1935இல் வந்து சேர்ந்த இளைஞர், பின்னாளில் உலகப் புகழ்பெற்ற பெஞ்சமின் பிரிட்டன். அவருடைய நண்பர்களுள் ஒருவர் கிரேஸ் வில்லியம்ஸ் என்ற வேல்ஸ் நாட்டுப் பெண் இசையமைப்பாளர். நிலக்கரியை ஏற்றுமதி செய்த பாரி என்ற துறைமுக ஊரில் 1906இல் பிறந்தவர். இலண்டனில் பல ஆண்டுகள் ஆசிரியையாக இருந்துவிட்டு, உடல்நலம் குன்றிச் சொந்த ஊருக்கே திரும்பியவர். 1949இல் வெளிவந்த ‘புளூ ஸ்கார்’ என்ற படம் வேல்ஸின் சுரங்கக் கிராமமொன்றின் கதை. சுரங்கத் தொழிலாளியின் காயம் ஆறும்போது நிலக்கரித் தூள் உள்ளே தங்கி விட்டுச் செல்லும் நீலத் தழும்பே அப்படத்தின் பெயர். அதற்கு இசையமைத்தவர் கிரேஸ் வில்லியம்ஸ். முழுநீளக் கதைப்படத்துக்கு இசையமைத்த முதலாவது பிரித்தானியப் பெண் என்று அவர் பொதுவாகக் கருதப்படுகிறார். தகப்பனார் பாடகர் குழுவை நடத்தியதைக் கேட்டு வளர்ந்தவர். ஊரின் பாட்டை அறிந்தவர். சுரங்க மக்களின் படத்துக்கு அந்த மண்ணிலிருந்தே ஒருவர் கிடைத்தார்.

எமக்கு அப்படி ஒருவர் அன்று கிடைக்கவில்லை. கிரேஸ் வில்லியம்ஸின் படம் வெளிவருவதற்கு முந்திய ஆண்டில்தான், 1948இன் குடியுரிமைச் சட்டத்தினால், எமது மக்களில் மிகப் பெரும்பாலோர் நாடற்றவர்களானார்கள். மலையகத் தொழிற்சங்கவாதி வி. பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ 1975இல் திரைக்கு வந்தபோது தோட்ட மக்கள் தமிழில் தம் கதையைத் திரையில் கேட்டார்கள். ‘சோங் ஒஃப் சிலோன்’ வெளிவந்து நாற்பத்தொரு ஆண்டுகள் கடந்திருந்தன.

பாட்டி எண்பதுகளில் காலமானார். அவருக்கு ‘சோங் ஒஃப் சிலோன்’ படத்தைக் காட்ட எனக்கு வசதி வாய்க்கவில்லை. இன்று என் பேரப்பிள்ளையின் கைத்தொலைபேசியிலேயே அதைப் பார்க்கலாம். அன்று தராத பதிலை இன்று அவருக்குச் சொல்வதானால் இப்படிச் சொல்வேன்: “நம்ம ஆளுங்க பேசல பாட்டி. அவுங்க தலைக்கு மேல வெள்ளக்காரன் வெல பேசிக்கிட்டே இருக்கான். அது மட்டுந்தான் கேக்குது.”

அவர் சிரித்திருப்பார் என்றே நினைக்கிறேன். “அது எனக்குத் தெரியாதாக்கும்?” என்று கேட்டுவிட்டு, தன் வேலையைப் பார்க்கப் போயிருப்பார்.

தோட்டங்களில் அந்தப் பழைய பாடல்களை அறிந்த முதியவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். இதை வாசிக்கும் மலையக இளைஞர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றே. உங்கள் வீட்டில் ஒரு பாட்டி இருந்தால், இந்த வாரமே அவரைப் பாடச் சொல்லி ஒலிப்பதிவு செய்து வையுங்கள். லீக்கு ஒரு கலையகமே தேவைப்பட்டது. உங்களுக்குச் சட்டைப்பையில் இருக்கும் கருவி போதும்.